டார்ஸோவில் எரிந்த வீடுகளும் இரண்டு தாள்களும்: மிசோ மலை ஊர்க் குவிப்பு குறித்த ஒரு நிகழ்வு ஆய்வு

இந்திய ராணுவம் உள்நாட்டுக் கிளர்ச்சிகளை எதிர்கொண்ட வரலாற்றில் குண்டுவீச்சு, பதுங்கித் தாக்குதல், என்கவுன்டர் பற்றியே அதிகம் எழுதப்பட்டிருக்கிறது. ஒரு துப்பாக்கிக் குண்டுகூட வெடிக்காமல் நடந்து முடிந்த ஒரு நடவடிக்கையை இங்கே எடுத்துக்கொள்கிறேன். யாரும் கொல்லப்படவில்லை. மேலிடத்துக்குப் போன தாள்களின்படி பார்த்தால் யாரும் வற்புறுத்தப்படவும் இல்லை. ஒரு ஊர் மட்டும் இல்லாமல் போனது. சிதறிக் கிடந்த ஊர்களைக் காலி செய்து சாலையோர மையங்களில் சேர்த்த 'ஊர்க் குவிப்பு' என்ற திட்டத்தின் ஒரு பகுதி அது.

ஊரின் பெயர் டார்ஸோ. அன்று அஸ்ஸாமின் ஒரு மாவட்டமாக இருந்த மிசோ மலையின், அதாவது இன்றைய மிசோரமின், தென்பகுதியில் இருந்தது. அந்த நடவடிக்கைக்குத் தலைமை தாங்கிய ராணுவ அதிகாரி, பின்னாளில் அதே மலையில் பணியாற்றிய ஆட்சிப்பணி அதிகாரி ஒருவரிடம் நடந்ததை மனம்விட்டுச் சொன்னார். அது பதிவாகி வெளிவந்தது. அந்தச் சம்பவம் குறித்து இங்கே நான் எழுதுவது அவர் சொன்னதை வைத்துத்தான். ஊர்க்காரர்கள் நமக்குத் தெரிவது அவர் கண் வழியாக மட்டுமே. ஆனாலும் இது தன்னை நல்லவராகக் காட்டிக்கொள்ளச் சொன்ன கதை அல்ல. தனக்கு எதிராகத் தானே கொடுத்த சாட்சியம். ஆய்வுக்கு இதைத் தேர்ந்தெடுக்க அதுவே காரணம்.

## பின்னணி

1959இல் மிசோ மலையில் மூங்கில் பூத்தது. ஏறக்குறைய 48 ஆண்டுக்கு ஒருமுறை அந்த வகை மூங்கில் மொத்தமாகப் பூத்துக் காய்த்துச் சாகும். காயைத் தின்று எலிகள் கணக்கில்லாமல் பெருகும். காய் தீர்ந்ததும் அவை களஞ்சியத்துக்கும் வயலுக்கும் இறங்கும். மிசோக்கள் இந்தப் பஞ்சத்தை மௌதாம் என்பார்கள். வரப்போவது தெரிந்து 1958லேயே மாவட்டக் கவுன்சில் அஸ்ஸாம் அரசை எச்சரித்தது. முன்னேற்பாட்டுக்கு 15 லட்சம் ரூபாய் கேட்டது. மலைவாசிகளின் நம்பிக்கை என்று அது ஒதுக்கப்பட்டது. பஞ்சம் வந்தது. அப்போது நிவாரணத்துக்கென்று தொடங்கிய அமைப்பே 1961 அக்டோபரில் மிசோ தேசிய முன்னணியாக உருமாறியது. தலைவர் லால்டெங்கா ஒருகாலத்தில் இந்திய ராணுவத்தில் ஹவில்தாராக இருந்தவர்.

1966 பிப்ரவரி 28 இரவு முன்னணி ஒரே நேரத்தில் பல இடங்களில் தாக்கியது. மறுநாள் விடுதலை அறிவிப்பு. சம்பாய் காவல் நிலை வீழ்ந்தது, லுங்லெய் கைமாறியது, ஐஸ்வாலில் அஸ்ஸாம் ரைஃபிள்ஸ் முகாம் முற்றுகைக்குள் சிக்கியது. மார்ச் 5 அன்று விமானப்படை ஐஸ்வாலைத் தாக்கியது. இந்திய விமானங்கள் இந்திய நகரம் ஒன்றின் மீது சுட்டுக் குண்டு வீசிய நாள் அது. மிசோரமில் இன்றும் அந்தத் தேதியை நினைவுகூர்கிறார்கள். அந்த மாதம் முடிவதற்குள் நகரங்கள் மீட்கப்பட்டன. கிளர்ச்சிக்காரர்கள் காட்டுக்குள் கலைந்தார்கள்.

அதற்குப் பிறகுதான் ராணுவத்துக்கு உண்மையான சிக்கல் தொடங்கியது. மலை முழுக்கச் செங்குத்தான முகடுகள், அடர்ந்த மூங்கில் காடு. வண்டி போக ஒரே ஒரு முக்கியச் சாலை, சில்சாரிலிருந்து ஐஸ்வால் வழியாக லுங்லெய் வரை. ஊர்களோ முகட்டு உச்சிகளில், ஒன்றுக்கொன்று ஒரு நாள் நடை தூரத்தில். கிளர்ச்சிக்காரர்களுக்கு அரிசியும் இரவுத் தங்கலும் செய்தியும் அந்த ஊர்களில்தான் கிடைத்தன. சிலர் விரும்பிக் கொடுத்தார்கள், சிலர் பயந்து கொடுத்தார்கள். மறுநாள் ராணுவம் வந்தால் கொடுத்ததற்காக அடி விழும். இரண்டு பக்கமும் துப்பாக்கி, நடுவில் ஊர். மிசோக்கள் அந்தக் காலம் முழுவதையும் ரம்புவாய் என்கிறார்கள், நாடு குழம்பிய காலம் என்ற பொருளில்.

## திட்டமும் அதன் முன்மாதிரியும்

கிளர்ச்சிக்காரனிடமிருந்து ஊரைப் பிரிக்க முடியாவிட்டால், ஊரையே பெயர்த்து ராணுவத்தின் கண் எதிரில் வைத்துவிடலாம் என்பது யோசனை. மலாயாவில் பிரிட்டிஷார் 1950 முதல் செய்தது இதுதான். காட்டோரம் குடியிருந்த சுமார் 5 லட்சம் பேரை, பெரும்பாலும் சீனர்களை, முள்வேலி போட்ட புதுக் கிராமங்களுக்குள் கொண்டுவந்தார்கள். ரப்பர் தோட்டத் தொழிலாளர்களும் வேலிக்குள் ஒன்றுசேர்க்கப்பட்டார்கள். அவர்களில் தமிழர்கள் ஏராளம். அந்தக் காலத் தோட்டத்து முள்வேலியையும் அளந்து போட்ட அரிசியையும் பற்றித் தாத்தா பாட்டி சொல்லக் கேட்டு வளர்ந்த மலேசியத் தமிழர்களுக்கு இந்தக் கதை அந்நியமாக இருக்காது.

மலாயாவில் வென்றது என்பதால் இங்கேயும் வெல்லும் என்று எடுத்துக்கொண்டார்கள். ஆனால் மலாயாவில் பெயர்க்கப்பட்டவர்களில் பெரும்பாலோர் பட்டா இல்லாமல் குடியேறியிருந்தவர்கள். புதுக் கிராமத்தில் அவர்களுக்கு நிலத்தில் ஓர் உரிமையாவது வாக்களிக்கப்பட்டது. கூடவே நாட்டுக்கே விடுதலை வரப்போகிறது என்ற உறுதியும் இருந்தது. மிசோக்கள் அப்படிப்பட்டவர்கள் அல்ல. அந்த மலை அவர்களுடையது. எந்தச் சரிவு எந்த ஆண்டு யாருக்கு என்பதுவரை ஊர் முறை இருந்தது. இழப்பதற்கு அவர்களிடம் எல்லாமே இருந்தது.

பக்கத்திலேயே பாடமும் இருந்தது. நாகா மலையில் 1950களின் நடுவில் ஊர்களைக் குவித்துப் பார்த்தார்கள். எதிர்ப்பு கிளம்பியது. 1957இல் நாகா மக்கள் மாநாட்டுப் பிரதிநிதிகளோடு பேசியபோது ஊர்க் குவிப்பை விலக்கிக்கொள்ள நேரு இசைந்தார். தென் வியட்நாமில் அமெரிக்க ஆதரவோடு 1962இல் தொடங்கிய இதே போன்ற திட்டம் இரண்டே ஆண்டில் சிதைந்தது. 1967இல் முடிவெடுத்தவர்களுக்கு இவை எதுவும் தெரியாத செய்திகள் அல்ல.

1967 ஜனவரி 4 அன்று முதல் கட்டம் தொடங்கி பிப்ரவரி 23 அன்று முடிந்தது. 106 ஊர்கள், 52,210 பேர், சாலையோரம் 18 மையங்கள். மையங்களுக்குப் 'பாதுகாக்கப்பட்ட முன்னேற்றக் கிராமங்கள்' என்று பெயர். 1962 சீனப் போரின்போது வந்த இந்தியப் பாதுகாப்பு விதிகள் அப்போதும் நடப்பில் இருந்ததால் சட்டத்துக்கு அதுவே கைகொடுத்தது. அடுத்தடுத்த கட்டங்கள் 1970 வரை நீண்டன. மொத்தத்தில் 764 ஊர்களில் 516 காலியாகி, அங்கிருந்தவர்கள் 110 மையங்களுக்குள் அடைக்கப்பட்டார்கள். மையங்களாக ஆன ஊர்கள் போக, மிச்சமிருந்த 138 ஊர்கள் மட்டுமே தொடப்படவில்லை. மக்கள்தொகையில் ஐந்தில் நான்கு பங்கு இடம்பெயர்ந்தது.

தேதியை இன்னொரு முறை பாருங்கள். ஜனவரியும் பிப்ரவரியும் மிசோ மலையில் காடு வெட்டும் மாதங்கள். வெட்டிப் போட்ட காடு காய்ந்து மார்ச்சில் எரிக்கப்படும், முதல் மழைக்கு விதை விழும். வெட்டாமல் விட்டால் அந்த ஆண்டு விளைச்சல் இல்லை. அந்த ஏழு வாரமும் ஆண்கள் சாமான் சுமந்தார்கள், குடிசை போட்டார்கள், வேலிக்கு மூங்கில் சீவினார்கள். திட்டம் போட்ட மேசையில் வரைபடம் இருந்திருக்கும், பயிர்க் காலண்டர் இருந்திருக்காது என்றே நினைக்கிறேன்.

## டார்ஸோ: காலையில் கண்டது

அதிகாரியின் அணி ஊருக்குள் நுழைந்தபோது காலை மணி பத்து இருக்கும். அந்தப் பக்கத்தில் தான் பார்த்த ஊர்களிலேயே வளமான ஊர்களில் ஒன்று இது என்று அவருக்குத் தோன்றியது. நெல் நிறைய இருந்தது. கோழியும் பன்றியும் குறைவில்லை. மக்கள் நன்றாகச் சாப்பிட்டவர்களாக, நன்றாக உடுத்தியவர்களாகத் தெரிந்தார்கள். பெரும்பாலோர் கையில் கொஞ்சம் ரொக்கமும் இருந்தது. மூங்கில் பூத்து எலிப் பஞ்சம் கண்ட மலையில் அந்த வளத்தை மறுபடி சேர்க்க எத்தனை போகம் ஆகியிருக்கும் என்று எண்ணிப் பார்க்கலாம்.

கையில் இருந்த உத்தரவு மூன்று வேலைகளைச் சொன்னது. ஊர்க்காரர்கள் தூக்கக்கூடிய பொருட்களை எடுத்துக்கொள்ளச் செய்ய வேண்டும். மாலை ஏழு மணிக்கு ஊரைக் கொளுத்த வேண்டும், அதுவும் ஊர்க்காரர்களைக் கொண்டே. தூக்க முடியாமல் மிஞ்சும் நெல்லையும் தானியத்தையும் எரித்துவிட வேண்டும், கிளர்ச்சிக்காரர்களுக்கு ஒரு பிடி அரிசியும் மிஞ்சக் கூடாது.

பிறகு ஊரை நாத்தியால் மையத்துக்கு நடத்திக்கொண்டு போக வேண்டும். தூரம் 15 மைல், காட்டு வழி.

## முதல் முடிவு: நெல்

முதல் இரண்டையும் செய்வதாக முடிவெடுத்த அதிகாரிக்கு மூன்றாவது முடியவில்லை. கிராமக் கவுன்சில் தலைவரைக் கூப்பிட்டு, மூன்று மணி நேரம் தருவதாகச் சொன்னார். மிஞ்சும் தானியத்தைக் குகைகளில் ஒளித்து வையுங்கள், சில நாள் கழித்து ராணுவப் பாதுகாப்போடு வந்து எடுத்துக்கொள்ளலாம் என்றார். ஊர் அந்த வேலையில் இறங்கியது. கெடுவுக்குள் நெல் முழுவதும் கண்ணுக்கு மறைந்துபோனது. அவ்வளவு நேர்த்தியாக ஒளித்தார்கள் என்று அவரே வியந்து சொன்னார்.

இந்த முடிவைச் சற்று நிதானமாகப் பார்க்க வேண்டும். இது கருணை என்பதில் ஐயமில்லை. உத்தரவு மீறல் என்பதும் உண்மை. ஆனால் அதற்கும் மேலே, களத்தில் நின்ற ஒருவர் திட்டத்தின் நடுப்புள்ளியிலேயே ஓட்டை இருப்பதைக் கண்டுகொண்ட கணம் இது. நெல்லை எரித்தால் பட்டினி கிடக்கப்போவது முதலில் கிளர்ச்சிக்காரனா, தன் பின்னால் நடந்து வரப்போகும் குழந்தைகளா என்ற கேள்விக்கு விடை டார்ஸோவில் நின்று பார்த்தவருக்கு எளிது. கோப்பில் 'உணவு மறுப்பு' என்று எழுதப்பட்டது ஊரில் அடுத்த அறுவடை வரைக்குமான சோறு.

இன்னொன்றும் இதில் தெரிகிறது. துப்பாக்கியோடு வந்த அந்நியர் சொன்ன ஒரு சொல்லை நம்பி ஊர் தன் சேமிப்பு முழுவதையும் அவர் கண்ணெதிரிலேயே கொண்டுபோய் ஒளித்தது. ராணுவமும் ஊரும் ஒத்துழைக்க இடமே இல்லை என்று சொல்பவர்களுக்கு அந்த மூன்று மணி நேரம் பதில் சொல்லும். கேட்டது நியாயமாக இருந்தபோது ஊர் ஒத்துழைத்தது. அதன் பின் கேட்டது அப்படி இருக்கவில்லை.

## இரண்டாம் முடிவு: தீ

இருட்டியது. வெளியே வாருங்கள், வீட்டுக்குத் தீ வையுங்கள் என்று சொல்லிப் பார்த்தார். ஒருவரும் வரவில்லை. சிப்பாய்கள் வீடு வீடாக நுழைந்து வெளியேற்ற வேண்டியதாயிற்று. நடக்க முடிந்தவர்கள் எல்லாம் கையில் அகப்பட்ட சாமானோடும் சோற்றுக்கு வேண்டியதோடும் வெளியே வந்து நின்றார்கள். ஆனால் தீ வைக்கக் கை நீளவில்லை.

தீ மிசோ விவசாயிக்குப் புதிதல்ல. ஆண்டுதோறும் தன் சரிவில் தானே தீ வைப்பவன். எந்தக் காற்றுக்கு எந்தப் பக்கம் கொளுத்த வேண்டும், எங்கே தீத்தடம் வெட்ட வேண்டும் என்று அறிந்தவன். அவனிடம் தீயைக் கொடுத்து உன் வீட்டைக் கொளுத்து என்றபோது அவன் அசையவில்லை.

கடைசியில் அதிகாரி தானே ஒரு பந்தம் ஏற்றி ஒரு வீட்டில் வைத்தார். சிப்பாய்கள் மற்ற வீடுகளுக்கு வைத்தார்கள். மூங்கிலும் கூரைப்புல்லும்தானே, சில நிமிடங்களில் ஊர் முழுக்கப் பிடித்துக்கொண்டது. பெண்கள் அழுது சபித்தார்கள். குழந்தைகள் மிரண்டு அலறினார்கள். பன்றிகள் சிதறி ஓடின, மிதுன் மாடுகள் கத்தின. ஒரு சிறுமி எரிகிற தன் வீட்டுக்குள் ஓடிப்போய் ஒரு பூனைக்குட்டியைத் தூக்கிக்கொண்டு வந்தாள். பெரிய ஆண்கள் மட்டும் வாயே திறக்கவில்லை. அந்த மௌனம்தான் அதிகாரியின் நினைவில் மற்ற எல்லாச் சத்தத்துக்கும் ஈடாக நின்றிருக்கிறது.

தீ வைத்தது தானே என்பதை அவர் மறைக்கவில்லை. இது முக்கியம், ஏனென்றால் பிற்பாடு வந்த தாள் வேறு சொன்னது.

இரவோடு இரவாக நடை தொடங்கியது. முன்னால் சிப்பாய்கள், நடுவில் ஊர், பின்னால் மறுபடி சிப்பாய்கள். மூன்று வயதுக் குழந்தைகள்கூடத் தலையில் சுமையோடு, மூக்கு ஒழுக, கால் தடுமாற நடந்தன. தாய்மார்கள் அதைவிடப் பெரிய சுமையோடு நடந்தார்கள். நின்று இளைப்பாற அதிகம் இடம் கொடுக்கப்படவில்லை. தன் முதுகில் இருந்த ராணுவப் பையின் கனம் அன்றிரவு தனக்குத் தெரியவே இல்லை என்று அந்த அதிகாரி சொன்னார். தன்னையே வெறுத்த இரவு என்றும் சொன்னார். விடிந்தபோது நாத்தியால் வந்திருந்தது.

## மூன்றாம் முடிவு: கையெழுத்து

இந்த ஆய்வை எழுத என்னை உட்கார வைத்தது இதற்குப் பிறகு நடந்தது.

அதிகாரி கவுன்சில் தலைவரையும் ஊர்ப் பெரியவர்களையும் அழைத்து இரண்டு தாள்களை நீட்டினார். முதல் தாள் ஒரு விண்ணப்பம். கிளர்ச்சிக்காரர்கள் தொல்லை கொடுக்கிறார்கள், எங்கள் ஊரில் போக்குவரத்தும் பள்ளியும் மருத்துவமும் போதவில்லை, ஆகவே பாதுகாப்புப் படையின் நிழலில் நாத்தியாலில் குடியேற நாங்களாகவே விரும்புகிறோம் என்றது. இரண்டாவது தாள் ஓர் உறுதிமொழி. எங்கள் ஊரை நாங்களே எரித்தோம், பாதுகாப்புப் படை எந்த வற்புறுத்தலும் செய்யவில்லை என்றது.

அவர்கள் மறுத்தார்கள். அவர் வெளியே அனுப்பினார். ஒரு மணி நேரம் கழித்து மறுபடி அழைத்தார், இம்முறை ஒவ்வொருவராக. மேசை மேல் குண்டு நிரப்பிய ரிவால்வர் இருந்தது. மூலையில் ஸ்டென் துப்பாக்கியோடு இருவர் நின்றார்கள். ஒருவர் பின் ஒருவராக இரண்டு தாளிலும் கையெழுத்து விழுந்தது.

ஏன் இப்படிச் செய்தார்? அவரே காரணம் சொன்னார். இவர்கள் சிவில் நிர்வாகத்திடமோ நீதிமன்றத்திடமோ போனால் தனக்குத்தான் தொல்லை. அதாவது நடந்தது சட்டத்துக்கு முன் நிற்காது என்பது அவருக்கும் தெரியும், அவருக்கு உத்தரவு கொடுத்தவர்களுக்கும் தெரியும். தெரியாமல் இருந்திருந்தால் தாளே தேவைப்பட்டிருக்காது.

தாளில் பெயர் எழுதியவர்கள் யார் என்பதையும் கவனிக்க வேண்டும். மிசோ மலையில் பரம்பரைத் தலைவர்களின் உரிமைகள் 1954ஆம் ஆண்டுச் சட்டத்தால் எடுக்கப்பட்டு, தேர்ந்தெடுக்கப்பட்ட கிராமக் கவுன்சில்கள் அந்த இடத்துக்கு வந்திருந்தன. மலைக்காரர் ஒருவர் இந்தியக் குடியரசைத் தன் ஊரில், தன் வாக்கால் தொட்டுப் பார்த்த முதல் இடம் கிராமக் கவுன்சில். பத்துப் பன்னிரண்டு வயதே ஆன ஜனநாயகம். அதன் தலைவரை ஒரு மேசைக்கு முன் நிறுத்தி, அவருடைய ஊரை அவரே எரித்ததாக எழுதி வாங்கியது அதே குடியரசின் சீருடை. கிளர்ச்சிக்காரர்கள் கவுன்சில் தலைவர்களைத் தில்லியின் கைக்கூலிகள் என்று சொல்லிவந்தால், அதை மறுக்க அந்த மனிதரிடம் அதற்குப் பிறகு என்ன மிச்சம் இருந்திருக்கும்?

காலவரிசையும் கவனத்துக்குரியது. ஊர் எரிந்த பிறகு, மக்கள் 15 மைல் நடந்து முடித்த பிறகு, குடியேற விரும்புகிறோம் என்ற விண்ணப்பம் பிறந்தது. பின்னால் கோப்பைப் புரட்டுகிறவருக்கு அந்த வரிசை தெரியாது. அவருக்குத் தெரிவது விண்ணப்பம், சம்மதம், இடமாற்றம். அத்தனையும் ஒழுங்காக இருக்கும்.

டார்ஸோவில் நடந்தது ஓர் அதிகாரியின் தனிக் கோணல் என்று ஒதுக்கிவிடலாமா? 1970இல் நடந்த ஒரு கட்டத்துக்கு அரசு வைத்த பெயரே 'தன்னார்வக் குவிப்பு மையங்கள்'. 1968 ஜனவரியில் சீனப் போர்க்கால நெருக்கடிநிலை விலக்கப்பட்டதும் பழைய விதிகளின் பலம் போய்விட்டது. சட்டத்தின் பிடி தளரத் தளர, 'தன்னார்வம்' என்ற சொல்லின் தேவை கூடியிருக்கிறது. டார்ஸோ தாளை அந்த வெளிச்சத்தில்தான் படிக்க வேண்டும்.

## பின்தொடர்ந்தவை

மைய வாழ்க்கை ஒரே அச்சு. சுற்றிலும் வேலி, அடையாள அட்டை, தலை எண்ணிக்கை, இருட்டினால் ஊரடங்கு. வயலுக்குப் போக அனுமதி வேண்டும், மாலைக்குள் திரும்பியாக வேண்டும். மிசோக்களின் மலைச் சாகுபடியோ, அறுவடைக் காலத்தில் வயல் குடிசையிலேயே நாள்கணக்கில் தங்கிச் செய்வது. போகவர ஒரு நாள் ஆகும் பழைய சரிவுகள் கைவிட்டுப் போயின. மையத்தைச் சுற்றியிருந்த நிலமோ ஏற்கெனவே அங்கிருந்த ஊருக்குச் சொந்தம். ஓர் ஊருக்குப் போதுமானதில் நாலைந்து ஊர்கள் காடு வெட்டினால் என்ன ஆகும்? சுழற்சி குறைந்தது, மண் இளைத்தது, விளைச்சல் விழுந்தது. தன் நெல்லைத் தானே விளைத்தவர்கள் ரேஷன் அரிசிக்கும் சாலை வேலைக் கூலிக்கும் வரிசையில் நின்றார்கள்.

மலையில் வீட்டுக்கு வீடு அழைக்காமலே போய் உதவும் பண்பு ஒன்று உண்டு. அதற்கு மிசோக்கள் வைத்திருக்கும் பெயர் த்லோம்ங்காய்னா, தன்னைப் பின்னிறுத்திப் பிறருக்குச் செய்வது. அறியாத ஊர்க்காரர்கள் தோளோடு தோள் இடித்துக்கொண்டு ஒரு படி அரிசிக்கு நிற்கும் இடத்தில் அது எத்தனை நாள் தாங்கும்?

ராணுவக் கணக்கில் உடனடிப் பலன் இருந்தது என்பதையும் சொல்லியாக வேண்டும். உள்மலையில் கிளர்ச்சிக்காரர்களுக்குச் சோறும் தங்கலும் அரிதாயின. அவர்கள் எல்லை தாண்டிக் கிழக்குப் பாகிஸ்தானின் சிட்டகாங் மலைப்பகுதியில் தளம் போட்டார்கள். அந்தத் தளம் உடைந்தது 1971 போரில் பாகிஸ்தான் தோற்றதால். அதன் பிறகும் இயக்கம் சாகவில்லை. 1975 ஜனவரியில் ஐஸ்வாலின் காவல்துறைத் தலைமையகத்துக்குள்ளேயே புகுந்து உயர் காவல் அதிகாரிகள் மூவரைச் சுட்டுக் கொல்லும் அளவுக்கு அதற்கு வலு இருந்தது. குவிப்பு முடிந்து ஐந்தாண்டு ஆகியிருந்தது அப்போது.

டார்ஸோ அதிகாரி எதற்கு அஞ்சித் தாள் வாங்கினாரோ அது வேறு இடத்தில் நடந்தது. மக்கள் சிலர் உயர் நீதிமன்றத்துக்குப் போனார்கள், குவிப்புக்குத் தடை கிடைத்தது. 1974இல், இந்திய ராணுவத்திலிருந்து பிரிகேடியராக ஓய்வு பெற்றிருந்த மிசோ ஒருவர், தென்புங்கா சைலோ, மனித உரிமைக் குழு ஒன்றைத் தொடங்கிப் படையினரின் அத்துமீறல்களைத் தொகுத்தார். நான்கே ஆண்டில் அவர் முதலமைச்சர். துப்பாக்கி ஏந்தாமலும் குறையைச் சொல்லலாம், கேட்கப்படும் என்று மலைக்கு அவர் காட்டினார்.

அமைதி வந்தது 1986 ஜூன் 30 அன்று, ஒப்பந்தத்தால். மறு ஆண்டு பிப்ரவரி 20 அன்று மிசோரம் மாநிலமானது. ஒப்பந்தம் இன்றுவரை நிற்கிறது. நாட்டின் வடகிழக்கில் இவ்வளவு உறுதியாக நிலைத்த வேறு உடன்படிக்கை இல்லை. குவிப்பு கிளர்ச்சியைக் களைப்படையச் செய்ததால்தான் அது பேச்சுக்கு வந்தது என்று வாதிடுபவர்கள் உண்டு. அந்த வாதத்தை நான் ஏற்கவில்லை. களைப்பு 1970லேயே வந்திருந்தால் ஒப்பந்தத்துக்கு இன்னும் பதினாறு ஆண்டு ஏன்? அந்த ஆண்டுகளில் தேவாலயத்தார் இருபக்கமும் தூது நடந்தார்கள், 1972இல் ஒன்றிய ஆட்சிப் பகுதி என்ற படி வந்தது, தேர்தல்கள் நடந்தன, பேச்சு பலமுறை முறிந்து பலமுறை தொடர்ந்தது. உடன்பாட்டை விளைத்தது அந்த உழைப்பு.

மையங்களுக்குப் போனவர்களில் பலர் பின்னர் திரும்பவில்லை என்பதும் உண்மை. சாலை, பள்ளி, கடை, பழகிப்போன வாழ்க்கை. இன்றைய மிசோரமின் நகர்மயத்தில் குவிப்புக்கு ஒரு பங்கு உண்டு. தாளில் எழுதிய பள்ளியும் மருத்துவமும் சில இடங்களில் காலப்போக்கில் வரவும் செய்தன. அதனால் தாள் உண்மையாகிவிடாது.

## என்ன மாறியிருக்க வேண்டும்

உத்தரவே வந்திருக்கக் கூடாது என்று ஒரு வரியில் முடிக்கலாம். என் கருத்தும் அதுதான். ஆனால் அப்படி முடித்தால் அடுத்த முறை உத்தரவு வரும்போது களத்தில் நிற்கும் இளம் அதிகாரிக்கு அதனால் பயனில்லை. ஆகவே டார்ஸோவின் அந்த ஒரு நாளுக்குள்ளேயே நின்று பார்க்கிறேன்.

ஊரை வெறுமையாக்குவதும் ஊரை எரிப்பதும் ஒன்றல்ல. ராணுவத் தேவை என்று எதைச் சொன்னாலும் அது மக்கள் வெளியேறியதோடு முடிந்துவிட்டது. எரித்தது திரும்பி வர வழி இருக்கக் கூடாது என்பதற்காக. ஒரு குடும்பத்திடம் 'சில காலம்' என்று சொல்லி அழைத்துப்போக இருந்த வாய்ப்பை அந்தத் தீ முதலிலேயே மூடிவிட்டது.

அன்று அந்த ஊரில் சிவில் அதிகாரி ஒருவர்கூட இல்லை. உத்தரவு, நிறைவேற்றம், சாட்சி, பதிவு எல்லாம் ஒரே கையில் இருந்தன. பக்கத்தில் ஒரு வட்டார நிர்வாக அதிகாரி நின்றிருந்தால் ரிவால்வர் மேசைக்கு வந்திருக்காது என்று சொல்ல மாட்டேன். ஆனால் அது ஏன் வந்தது என்று யாரோ ஒருவர் எழுதியிருக்க வேண்டியிருந்திருக்கும். நெல் விஷயத்தில் உத்தரவை மீற முடிந்த அதே மனிதரால் கையெழுத்து விஷயத்தில் மீற முடியாமல் போனதற்குக் காரணமும் இங்கேதான் இருக்கிறது. நெல்லை ஒளித்தது யாருக்கும் தெரியப்போவதில்லை. தாள் இல்லாமல் போனால் மாட்டிக்கொள்பவர் அவர்தான். மேலே இருந்தவர்கள் பொறுப்பைக் கீழே தள்ளினார்கள். அவர் அதை இன்னும் கீழே, கவுன்சில் தலைவரின் விரலுக்குத் தள்ளினார்.

காலண்டரைப் பற்றி ஏற்கெனவே சொன்னேன். அறுவடை முடிந்து, அடுத்த ஆண்டுக்கான சரிவு முன்கூட்டியே ஒதுக்கப்பட்டு, குறைந்தது ஒரு விளைச்சலுக்கான அரிசி மையத்தில் வந்து இறங்கிய பிறகே ஓர் ஊரைத் தொடுவது என்று ஒரே ஒரு விதி இருந்திருந்தால், முதல் கட்டத்தின் 106 ஊர்களில் பாதியைக்கூட அந்த ஏழு வாரத்தில் நகர்த்தியிருக்க முடியாது. அவ்வளவு அரிசியை மலைக்கு ஏற்ற அன்றைய சாலையில் வழியில்லை. திட்டம் தன் கனத்திலேயே நின்றுபோயிருக்கும்.

தாள் வேண்டாம் என்றும் சொல்லவில்லை. தாள் அவசியம் வேண்டும். டார்ஸோவில் வீடு எத்தனை, எந்த வீட்டில் எத்தனை மூட்டை நெல், பன்றி எத்தனை, மிதுன் எத்தனை, எந்தக் குகையில் யாருடைய தானியம், யார் தீ வைத்தது, எத்தனை மணிக்கு. எழுதி முடித்ததும் கீழே கையெழுத்துப் போட வேண்டியவர் அந்த அதிகாரி. ஒரு பிரதி கவுன்சில் தலைவரிடம் போக வேண்டும்.